எஸ்ஓ-101 ரோபோ கை: ஒரு பாலிடெக்னிக் ஆய்வகத்தின் மதிப்புரை

கோவையில் ஒரு பாலிடெக்னிக்கின் மெக்கட்ரானிக்ஸ் பிரிவில் பாடம் எடுக்கிறேன். எங்கள் ஆய்வகத்துக்குச் சமீபத்தில் வாங்கியவற்றில் மாணவர்கள் முண்டியடித்துக்கொண்டு தொட்ட பொருள் எஸ்ஓ-101 என்ற ரோபோ கைதான். இயந்திரக் கற்றலை ரோபோவில் எப்படிப் பயன்படுத்துகிறார்கள் என்பதைக் கரும்பலகையில் எவ்வளவு விளக்கினாலும் வராத தெளிவு, இதைத் தொட்ட ஒரே வாரத்தில் வகுப்பில் தெரிந்தது. தொழிற்கல்வி தரும் எந்தக் கல்லூரிக்கும் இதைத் தயங்காமல் பரிந்துரைப்பேன். பட்டறையில் வேலைக்கு வைத்துக்கொள்ள நினைப்பவர்களிடம் வேண்டாம் என்பேன். இரண்டுக்கும் காரணம் ஒன்றே: மனிதர் ஒருவர் செய்து காட்டியது மட்டும்தான் இந்தக் கைக்குத் தெரியும்.

இது கடையில் பெட்டியாக அடுக்கி வைத்திருக்கும் பொருள் அல்ல. தி ரோபோட் ஸ்டுடியோ என்ற நிறுவனமும், செயற்கை நுண்ணறிவு மாதிரிகளைப் பொதுவில் பகிரும் தளத்தை நடத்தும் ஹக்கிங் ஃபேஸ் நிறுவனமும் சேர்ந்து உருவாக்கி, வரைபடங்களை இலவசமாக வெளியிட்டுவிட்ட வடிவமைப்பு. எஸ்ஓ-100 என்ற முதல் வடிவம் 2024-இல் வந்தது. அதைத் திருத்திய எஸ்ஓ-101, 2025-இல். உடல் பாகங்களை 3டி பிரிண்டரில் நாமே அச்சடித்துக்கொள்ளலாம். மோட்டார், அதை இயக்கும் மின்னணுப் பலகை, அடாப்டர் ஆகியவற்றைத் தனியாக வாங்க வேண்டும். இரண்டு கைகளுக்கான பாகங்கள் சுமார் 230 டாலர் ஆகும் என்பது வடிவமைத்தவர்கள் தந்த கணக்கு. இறக்குமதி வரி, கொரியர், அச்சுக்கூலி, இரண்டு வெப்கேமரா எல்லாம் சேர்ந்தபோது எங்களுக்கு 30,000 ரூபாயைத் தாண்டியது. அப்படியும், ஒரு தொழிற்சாலை ரோபோவின் பராமரிப்பு ஒப்பந்தத் தொகையோடு வைத்துப் பார்த்தால் இது பெரிய செலவு இல்லை.

ஏன் இரண்டு கை? ஒன்றை நாம் பிடித்து அசைக்கிறோம், அது லீடர். மற்றொன்று அதே அசைவை அந்தக் கணமே திருப்பிச் செய்கிறது, அது ஃபாலோயர். ஒவ்வொன்றிலும் ஆறு சர்வோ மோட்டார்கள், ஃபீடெக் நிறுவனத்தின் எஸ்டிஎஸ்3215 வகை. ஒரு முழுச் சுற்றை 4096 படிகளாகப் பிரித்து, தான் எங்கே நிற்கிறது என்பதை மோட்டாரே சொல்லிவிடும். ஃபாலோயரின் ஆறிலும் பல்சக்கர விகிதம் 1:345, அதாவது உள்ளே மோட்டார் 345 சுற்று சுற்றினால் வெளியே ஒரு சுற்று. லீடரில் மட்டும் மூன்று வெவ்வேறு விகிதங்களைக் கலந்து போட்டிருக்கிறார்கள். காரணம் எனக்கு மிகவும் பிடித்தது: கை தன் எடையைத் தானே தாங்கி நிற்க வேண்டும், அதே சமயம் நம் விரலுக்கு இலேசாக இணங்கவும் வேண்டும். எஸ்ஓ-100-இல் லீடர் மோட்டார்களைத் திறந்து பல்சக்கரத்தைக் கழற்ற வேண்டியிருந்தது. இப்போது அந்த வேலை இல்லை.

எங்களுக்கு உதிரிகளை விற்ற கடையைப் பற்றிச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. மூன்று விகித மோட்டார்களையும் ஒரே பையில் அடையாளச் சீட்டு இல்லாமல் போட்டு அனுப்பியிருந்தார்கள். வெளியில் இருந்து பார்த்தால் மூன்றும் ஒன்றுபோலவே இருக்கும். உடலில் பொறித்திருந்த சிறிய குறியீட்டைப் பூதக்கண்ணாடி வைத்துப் படித்துப் பிரித்தோம். போன் செய்தால் "இணையத்தில் பாருங்கள்" என்ற பதில்தான் வந்தது. மாணவர்களுக்கான பொருளை விற்பவர்கள் ஒரு சீட்டாவது ஒட்டி அனுப்பலாம்.

பூட்டும் வேலை ஒரு வகுப்புக்கு அருமையான பயிற்சி. எல்லா மோட்டார்களும் ஒரே அடையாள எண்ணோடு வருவதால், ஒவ்வொன்றையும் தனித்தனியாகப் பலகையில் இணைத்து 1 முதல் 6 வரை எண் கொடுத்த பிறகுதான் ஒரே கம்பியில் கோர்க்க முடியும். அடுத்து அளவுதிருத்தம்: ஒவ்வொரு மூட்டையும் நடுவில் நிறுத்தி, பிறகு இரு எல்லைக்கும் அசைத்துக் காட்ட வேண்டும். லீடருக்கும் ஃபாலோயருக்கும் இது ஒத்துப்போகாவிட்டால் பின்னால் வரும் எதுவும் சரியாக வராது. இன்னொரு எச்சரிக்கை. இந்த மோட்டார் 7.4 வோல்ட், 12 வோல்ட் என இரண்டு வகையாகக் கிடைக்கிறது. ஃபாலோயருக்கு 12 வோல்ட் வகையை வாங்கினால் லீடரின் அடாப்டர் வேறு, ஃபாலோயரின் அடாப்டர் வேறு. இரண்டின் முனையும் ஒரே அளவாக இருக்கும் என்பதால் அடாப்டரிலும் பலகையிலும் வண்ண டேப் சுற்றிவிடுங்கள். மாற்றிச் செருகினால் மோட்டார் போய்விடும்.

இனி விஷயத்துக்கு வருகிறேன். எங்கள் ஆய்வகத்தில் ஆறு அச்சு கொண்ட பழைய தொழிற்சாலை ரோபோ ஒன்று இருக்கிறது. அதன் பெண்டன்ட்டில், அதாவது கையில் பிடித்து இயக்கும் கட்டுப்பாட்டுப் பெட்டியில், புள்ளி புள்ளியாகப் பதிந்து வைத்தால் நாள் முழுதும் அதே இடத்துக்குத் துல்லியமாகப் போகும். தட்டைக் கொஞ்சம் நகர்த்தி வைத்துவிட்டால் அது காற்றைப் பிடிக்கும். அதற்குக் கண் இல்லை. பொருள் எங்கே இருக்கிறது என்ற கேள்வியே அதனிடம் இல்லை. எஸ்ஓ-101-இல் நாம் புள்ளிகளைப் பதிவதே இல்லை. லீடரைப் பிடித்துக்கொண்டு வேலையைச் செய்கிறோம். மேலே ஒரு கேமரா, மணிக்கட்டில் ஒரு கேமரா, இரண்டும் வினாடிக்கு 30 படங்கள் எடுக்கின்றன; ஒவ்வொரு படத்தோடும் ஆறு மூட்டுகளின் நிலையும் சேர்ந்து பதிவாகிறது. ஹக்கிங் ஃபேஸின் இலவச மென்பொருளான லெரோபோட் இதையெல்லாம் கோப்பாக அடுக்கிக்கொள்கிறது. இப்படிச் சுமார் 50 முறை செய்து காட்டிவிட்டுப் பயிற்சியைத் தொடங்கச் சொல்கிறது அதன் கையேடு. பொருள் வைக்கும் இடத்தை மாற்றி மாற்றி, ஓர் இடத்துக்குப் பத்து முறை. இந்தப் பதிவுகளைப் பார்த்துக் கணினி கற்றுக்கொள்வதுதான் பயிற்சி; அது முடிந்ததும் லீடரை யாரும் தொடாமலே ஃபாலோயர் தானாக வேலையைச் செய்யும்.

அந்தக் கையேட்டில் ஒரு அறிவுரை இருக்கிறது. அதை அச்சிட்டு ஆய்வகச் சுவரில் ஒட்டியிருக்கிறேன்: கேமராப் படங்களை மட்டும் பார்த்து உங்களால் அந்த வேலையைச் செய்ய முடிய வேண்டும். மேசையைப் பார்க்காமல் கணினித் திரையைப் பார்த்து, லீடரை அசைத்து ஒரு நட்டை எடுக்க மாணவர்களிடம் சொன்னேன். பாதிப் பேரால் முடியவில்லை. மேல் கேமராவைக் கையின் நுனியில் பொருளைப் பிடிக்கும் பிடிப்பானே மறைத்துக்கொண்டிருந்தது. நமக்குத் தெரியாதது கைக்கும் தெரியாது என்பது அன்றைக்கே எல்லாருக்கும் விளங்கியது. கேமராவை நகர்த்திப் பொருத்தினார்கள்.

நாங்கள் கொடுத்த வேலை எளியது: மேசையில் கிடக்கும் எம்8 நட்டை எடுத்துத் தகர டப்பாவில் போடுவது. இரண்டு குழுக்கள் தனித்தனியாகப் பதிவு செய்தன. முதல் குழுவில் கணினி நிரல் எழுதுவதில் கெட்டிக்காரர்கள். சுறுசுறுப்பாக முடித்துவிட்டார்கள், ஆனால் ஒருமுறை இடப்பக்கமாக வளைந்து போவார்கள், ஒருமுறை நேராக இறங்குவார்கள், ஒருமுறை நடுவில் யோசித்து நிற்பார்கள். இரண்டாவது குழுவில் லீடரைப் பிடித்தவர், கோவையின் கணபதி பகுதியில் அப்பா லேத் பட்டறை வைத்திருக்கும் ஒரு மாணவி. கோடை விடுமுறை எல்லாம் பட்டறையிலேயே கழித்தவர். அவருடைய கை ஒவ்வொரு முறையும் ஒரே உயரத்திலிருந்து இறங்கியது, ஒரே வேகத்தில் மூடியது, ஒரே பாதையில் டப்பாவுக்குப் போனது. ஒரே நிரல், ஒரே கிராபிக்ஸ் கார்டு, ஒரே பயிற்சி நேரம். முதல் குழுவின் கை நட்டுக்கு மேலே வந்து, எந்தப் பக்கம் இறங்குவது என்று தெரியாமல் நடுங்கியது. மாணவியின் கை நேராக எடுத்துப் போட்டது.

"நிரலில் எதுவும் மாற்றவில்லையே மேடம்" என்று முதல் குழுவினர் என்னிடம் வந்து கேட்டார்கள். பதிவான காணொளிகளை அடுத்தடுத்து ஓட்டிக் காட்டினேன். காரணத்தை அவர்களே பார்த்துச் சொல்லிவிட்டார்கள். இந்தப் பொருளுக்கு நான் கொடுக்கும் மதிப்பெண்ணில் பாதி அந்த ஒரு மணி நேரத்துக்கு. லேத்தும் வெல்டிங்கும் பழகிய கைகளுக்குச் செயற்கை நுண்ணறிவில் இடமில்லை என்று எங்கள் பிள்ளைகளிடம் யார் யாரோ சொல்லி வைத்திருக்கிறார்கள். இங்கே அந்தக் கையின் பழக்கம்தான் தரவு. தேர்ந்த கை இல்லாமல் நல்ல தரவு இல்லை.

உள்ளே நடப்பதையும் சொல்ல வேண்டும். நாங்கள் பயன்படுத்திய முறைக்கு ஏசிடி என்று பெயர். டோனி ஜாவோ, விகாஷ் குமார், செர்கே லெவின், செல்சி ஃபின் ஆகியோர் 2023-இல் வெளியிட்டது. ஒருவர் செய்ததைப் பார்த்து அப்படியே செய்யக் கற்கும் முறைகளுக்கு ஒரு பழைய நோய் உண்டு. கை சற்றே விலகினால், பயிற்சியில் ஒருபோதும் பார்த்திராத காட்சி அதன் முன் வரும். அங்கே அதன் கணிப்பு இன்னும் விலகும். அப்படியே விலகி விலகி வேலையே கெட்டுப்போகும். இது ரோபோ கைக்கு மட்டும் வந்த நோய் இல்லை. 1989-இல் கார்னகி மெலன் பல்கலைக்கழகத்தில் டீன் பாமர்லோ ஒரு சிறிய நியூரல் நெட்வொர்க்கை (எடுத்துக்காட்டுகளிலிருந்து கற்கும் கணினி அமைப்பை) கொண்டு வண்டியைச் சாலையில் ஓட்டினார். நன்றாக ஓட்டும் மனிதர் எப்போதும் சாலை நடுவிலேயே ஓட்டுவதால், ஓரம் போய்விட்டால் எப்படித் திரும்புவது என்பதை அந்த நெட்வொர்க் பார்த்ததே இல்லை. அதனால் படங்களைச் செயற்கையாக நகர்த்தி, விலகிய நிலைகளையும் அதற்குக் காட்டினார்.

ஏசிடி செய்வது வேறு. அடுத்த ஒரு அசைவை மட்டும் கணிக்காமல், வரப்போகும் அசைவுகளை ஒரு கட்டாகவே கணிக்கிறது. லெரோபோட்டில் வழக்கமான அளவு ஒரு கட்டுக்கு 100 அசைவுகள். வினாடிக்கு 30 என்றால் மூன்று வினாடிக்கு மேற்பட்ட வேலை. முடிவெடுக்கும் தருணங்கள் குறைவதால் பிழை சேரும் வாய்ப்பும் குறைகிறது. நடுவில் ஒருவர் தயங்கி நின்றிருந்தாலும் அந்தத் தயக்கத்தில் சிக்கிக்கொள்ளாது. மூல ஆய்வில் பயிற்சிக்கு 11 ஜிபி நினைவகம் உள்ள ஒரே ஒரு கிராபிக்ஸ் கார்டில் சுமார் 5 மணி நேரம்தான் ஆனது. ஒரு பாலிடெக்னிக் இதைத் தொடத் துணிவதற்குக் காரணமே இதுதான். மாலையில் ஓட விட்டுப் போனால் காலையில் வந்து பார்க்கலாம்.

பாமர்லோவின் பாடத்தை நாங்களும் எடுத்துக்கொண்டோம். நட் நழுவி விழுவது, பிடிப்பான் ஓரத்தில் மோதுவது, பின்வாங்கித் திரும்பப் பிடிப்பது ஆகியவற்றையும் மாணவியைச் செய்து காட்டச் சொல்லிப் பதிவில் சேர்த்தோம். பிறகு கை ஒருமுறை நட்டைத் தவறவிட்டபோது, மேலே எழுந்து மறுபடி இறங்கி எடுத்தது. வகுப்பே கைதட்டியது.

வெளிச்சம் எங்களை அதிகம் அலைக்கழித்தது. நட் துத்தநாகப் பூச்சில் மின்னும். காலை வெயில் ஜன்னல் வழியாக மேசையில் விழும் நேரத்தில் பதிந்த பதிவில் கற்ற கை, மாலையில் டியூப்லைட் வெளிச்சத்தில் நட்டைக் கண்டுகொள்ளவே இல்லை. வேலை புரிந்துவிட்டது என்று நாம் நினைக்கிறோம். அது கற்றதோ குறிப்பிட்ட படங்களுக்கும் அசைவுகளுக்கும் உள்ள தொடர்பை. மேசை விரிப்பை மாற்றினாலும் இதே கதை. ஜன்னலுக்குத் திரை போட்டு, நிலையான ஒரு விளக்கு வைத்தோம். இரண்டு வெளிச்சத்திலும் பதிவு எடுத்துச் சேர்த்தது அதைவிட நல்ல பலன் தந்தது.

விசை பற்றி ஒன்று. இந்தக் கையில் விசை உணரி தனியாக இல்லை. பிறகு நட்டை இறுகப் பிடிக்க எப்படிக் கற்கிறது? பதிவில் கட்டளையாக எடுத்துக்கொள்வது லீடரின் நிலையை. லீடரின் பிடிப்பானை நாம் முழுதாக மூடுகிறோம்; ஃபாலோயரின் பிடிப்பான் நட்டில் முட்டி நின்றுவிடுகிறது. அந்த இரண்டு நிலைகளுக்கும் இடையிலுள்ள வித்தியாசமே மோட்டாரை அழுத்த வைக்கிறது. ஃபாலோயர் நின்ற இடத்தைக் கட்டளையாகப் பதிந்திருந்தால் நட்டைத் தொட்டுக்கொண்டிருக்குமே தவிரத் தூக்காது. கட்டுப்பாட்டுப் பொறியியல் பாடத்தில் பிழைச் சமிக்ஞை என்று நான் எழுதிப்போடுவது இதைத்தான். மாணவர்கள் அதை விரல் நுனியில் உணர்ந்தார்கள். பிடிப்பான் மோட்டார் எரிந்துவிடாமல் இருக்க, அதன் விசையை மென்பொருள் பாதியாகக் கட்டுப்படுத்தி வைத்திருக்கிறது. அதை ஏற்ற வேண்டாம்.

வேலைக்கு ஏன் வேண்டாம் என்கிறேன்? குறிச்சி சிட்கோ தொழிற்பேட்டையில் பம்ப் உதிரிகள் செய்யும் ஒருவர் வந்து பார்த்துவிட்டு, "லேத்துக்குப் பொருள் எடுத்துக் கொடுக்க இது போதுமா மேடம்?" என்று கேட்டார். மூல ஆய்வின் பெருமைமிக்க முடிவையே அவருக்குச் சொன்னேன்: பத்து நிமிட அளவு செய்து காட்டல்களிலிருந்து, நுணுக்கமான வேலைகளில் 80 முதல் 90 சதவீத வெற்றி. ஆய்வுக்கு அது பெரிய சாதனை. பட்டறையில் பத்தில் ஒன்று, லேத்தில் பொருளை இறுக்கிப் பிடிக்கும் சக்குக்குள் கோணலாகப் போனால் யார் ஏற்பார்கள்? தவிர, இது பிளாஸ்டிக் உடல். மூட்டுகளில் சிறு ஆட்டம் உண்டு. பிடிப்பானைத் தவிர ஐந்து அச்சுகள்தான் என்பதால் எல்லாக் கோணத்திலும் பொருளை அணுக முடியாது. எடை தூக்கவும் இது ஆகாது. அவருக்குத் தேவை காற்றழுத்தத்தில் இயங்கும் எளிய நியூமேட்டிக் அமைப்பு ஒன்று. அதைத்தான் சொல்லி அனுப்பினேன்.

வெற்றி விகிதத்தை உயர்த்தத் தரவைப் பெருக்குவது ஒரு வழி. கூகுள் 2022-இல் ஆர்டி-1 என்ற செயற்கை நுண்ணறிவு மாதிரிக்காக 13 ரோபோக்களைக் கொண்டு 17 மாதங்கள் செலவிட்டு 1,30,000 செய்து காட்டல்களைச் சேர்த்தது. நம்மால் ஆகிற காரியமா அது? ஆனால் எஸ்ஓ வகைக் கைகளை வைத்திருப்பவர்கள் உலகெங்கும் தங்கள் பதிவுகளைப் பொதுவில் போடுகிறார்கள். அந்தப் பொதுப் பதிவுகளில் கற்றதுதான் 2025-இல் வந்த ஸ்மோல்விஎல்ஏ என்ற மாதிரி. அதில் 45 கோடி அளவுருக்கள், அதாவது கற்கும்போது மாறும் உள் எண்கள். இந்தத் துறையில் இது சிறியது. கேமராப் படத்தோடு எழுத்தில் ஒரு கட்டளையையும் வாங்கிக்கொள்ளும். அதை எடுத்து நம் பதிவுகளால் மேலும் பழக்கலாம். எங்கள் மாணவியின் பதிவுகளையும், அவர் சம்மதத்தோடு, பெயரில்லாமல் பொதுவில் சேர்த்திருக்கிறோம். கோவைப் பட்டறையில் பழகிய ஒரு கையின் அசைவு இனி யாருடைய ரோபோவுக்கோ பாடமாகும் என்பதில் எனக்குச் சொல்ல முடியாத மகிழ்ச்சி.

வாங்குபவர்களுக்குச் சில குறிப்புகள். முழுப் பெட்டியாக வாங்காமல் மோட்டாரும் பலகையும் மட்டும் வாங்கி, உடலை உள்ளூரில் அச்சடியுங்கள். உடைந்தால் மாலைக்குள் மாற்றிவிடலாம். பாகங்களின் உட்புறத்தை நெருக்கமாக நிரப்பி அச்சடிக்கச் சொல்லுங்கள். நாங்கள் கொடுத்த கடை பிளாஸ்டிக்கை மிச்சம் பிடிக்கப் போய், தோள்பட்டைப் பாகம் அடுக்கு அடுக்காகப் பிரிந்துவிட்டது. லெரோபோட் வேகமாக வளரும் மென்பொருள். 2025-இல் பதிவுகளின் வடிவமே 3.0-க்கு மாறியது. எனவே ஒரு பருவம் முழுவதற்கும் ஒரே பதிப்பில் நில்லுங்கள், பருவ இடைவெளியில் மாற்றுங்கள். 1:345 விகித மோட்டார் ஒன்றை உதிரியாக வைத்திருங்கள். கேமராத் தாங்கிகளை மேசையோடு போல்ட் போட்டு முடுக்கிவிடுங்கள். யாராவது இடித்துக் கேமரா திரும்பினால் அதுவரை எடுத்த பதிவுகள் வீண். லீடரை முதலில் பிடிக்கும் பொறுப்பை வகுப்பில் கைவேலை நன்றாக வரும் பிள்ளையிடம் கொடுங்கள்.